பத்தொன்பது செக்கன்

மல்லாவிச் சந்தியில் என் கடை.
ரீலோட், போட்டோக் கொப்பி, உடைந்த திரை மாற்றம்.
மத்தியான பஸ்ஸின் புழுதி அடங்க முன்னம்
அவள் வந்து நின்றாள்.
பெயரை எழுத மாட்டேன்.
நாலு லட்சம் பேருக்கு ஏற்கெனவே தெரியும்,
அதில் ஒன்றைக் கூட்டுவானேன்.

நூறு ரூபாய்க்குக் காசு போடச் சொன்னாள்.
போட்டேன்.
போகவில்லை.
கண்ணாடிப் பெட்டிக்குள் தொங்கும் சார்ஜர் வயர்களைப் பார்த்தபடி
"தம்பி, ஒரு வீடியோ எடுக்க எவ்வளவு?"

எடுக்க என்றால்
பிடிக்கவா, அகற்றவா?
எங்கள் தமிழில் இரண்டுக்கும் ஒரே சொல்.
நான் கேட்கவில்லை.
எனக்குத் தெரியும்.

நிரோஜனின் வான் போன மாதம்
குளக்கட்டால் இறங்கிப் போனதைக் கண்டேன்.
பத்துக் கிலோ அரிசி, பருப்பு, ஒரு பை சீனி.
லண்டனில் யாருக்கோ பிறந்தநாள்.
வீட்டுத்திட்டத்துப் பூசாத சுவர், கதவில்லாத குசினி.
பானை மூடியைத் திறந்து காட்டுங்கோ அக்கா.
இன்னொருக்கா, வெளிச்சம் காணாது.
அவர் எப்ப காணாமல் போனவர்?
அழாமல் சொன்னபடியால்
திருப்பிச் சொல்லச் சொன்னார்கள்.
நாற்பது நிமிஷம்.

பிறகு, மகள் எங்க, கூப்பிடுங்கோ.
தாயின் பழைய சட்டையோடு
கிணற்றடியால் வந்த பிள்ளை
கமராவைக் கண்டு சுவரோடு ஒட்டிக்கொண்டது.
கமரா அந்தப் பக்கம் திரும்பியது.
அப்போதுதான் அவள் மூட்டையைத் தூக்கி எறிந்தாள்.
"கொண்டு போ உன்ர அரிசிய!"

அந்தப் பத்தொன்பது செக்கன்தான் ஓடியது.
மூட்டை கிழிகிற இடத்தில்
ஒருவன் குண்டுச் சத்தம் சேர்த்திருந்தான்,
அந்தச் சத்தத்துக்குள் ஒரு நாளும் படுத்திராத ஒருவன்.
இன்னொருவன் ஆட்டப் பாட்டு.
திமிர். நன்றி கெட்டதுகள்.
இதுக்குத்தான் நான் ஒரு சதமும் குடுக்கிறேல்லை,
என்றார் கனடாவில் ஒருவர்.

பிள்ளை அதில் இல்லை.
பொறுங்கள், இருக்கிறது.
ஒரு கணம், ஓரத்தில்.
யாரோ அங்கே நிறுத்தி,
முகத்தைச் சுற்றிச் சிவப்பு வட்டம் போட்டு,
இது ஆர் என்று கேட்டிருந்தான்.
பதில் சொல்ல ஆட்கள் இருந்தார்கள்.

அவளின் போனை வாங்கி முறைப்பாட்டை அழுத்தினேன்.
காரணத்தைத் தெரிவுசெய்க.
வன்முறை. நிர்வாணம். போலித் தகவல். விலங்குவதை.
கீழே கீழே தள்ளிப் பார்த்தேன்.
'இது என்ர குசினி' என்று ஒன்று இல்லை.
'பிள்ளை பள்ளிக்கூடம் போய் ஒன்பது நாள்' இல்லை.
'வேறு' என்பதை அழுத்தினேன்.
நன்றி, என்றது.

"போயிட்டுதோ?"
இனி அவை பார்ப்பினம், அக்கா.
"இன்னும் ஆக்கள் பார்க்கவோ?"

இல்லை, இது வேற ஆக்கள், என்றேன்.
எந்த ஆக்கள் என்று எனக்கும் தெரியாது.
போனைத் துடைத்து மடிக்குள் செருகினாள்.
"உங்கட போனுக்கும் வந்ததோ?"
இல்லை.

வேண்டாம் என்றும் கேளாமல்
ஐம்பது ரூபாய்த் தாளைக் கண்ணாடியின் மேல் வைத்துவிட்டுப்
போனாள். குடை இல்லை. நல்ல வெயில்.

மேசையில் கவிழ்ந்து கிடந்த என் போனை நிமிர்த்தினேன்.
'சந்தி இளைஞர்', 'நெல்லு விலை', 'சாதாரணதரம் பன்னிரண்டு'.
மூன்று குழுவுக்கும் அனுப்பியிருக்கிறேன்.
கீழே, கண்ணீர் வரச் சிரிக்கும் மஞ்சள் முகம் மூன்று.

ஆளைத் தெரியாமல் அனுப்பினேன் என்று
இந்த இடத்தில் முதலில் எழுதினேன்.
வெட்டிவிட்டேன்.
தெரியும். வெள்ளிக்கிழமைகளில் வருகிறவள்.
மாற்றிய காசை இரண்டு தரம் எண்ணுகிறவள்.

விரலை வைத்து அழுத்திப் பிடித்தேன்.
'எல்லோருக்கும் நீக்கு' காலம் கடந்துவிட்டது.
மிஞ்சியிருந்தது ஒன்றுதான்:
'எனக்கு மட்டும் நீக்கு.'

மின்விசிறிக் காற்றில்
ஐம்பது ரூபாய்த் தாள்
கண்ணாடியின் விளிம்புக்கு நகர்ந்துகொண்டிருந்தது.
அதன்மேல் போனை வைத்தேன்,
நீக்காமல்.